ஜோடி வில்லை

ஒரு பெண் தரம் பார்க்கும் வேலைக்குத் தேறுவாளா என்பதை அவள் கண்ணைப் பார்த்துச் சொல்ல முடியாது. கழுத்தைப் பார்க்க வேண்டும். புதிதாக வரும் எல்லாப் பெண்களும் விளக்குக்குக் கீழே ஒழுங்காகத்தான் குனிவார்கள். கொஞ்ச நேரத்தில் கழுத்தை நெளிப்பார்கள், தோளைக் குலுக்குவார்கள், கடிகாரம் எங்கே இருக்கிறது என்று தேடுவார்கள். எப்போதாவது ஒருத்திதான் குனிந்தபடியே தங்கிவிடுவாள். குனிந்திருக்கிறோம் என்பதே அவளுக்குத் தெரியாது. ஒரகடத்தில் இத்தனை வருடம் லைன் லீடராக இருந்ததில் எனக்கு உறுதியாகத் தெரிந்த விஷயம் இது ஒன்றுதான்.

என் பெயர் அந்தோணிமேரி. கார்களின் பின்பக்கக் கேமராவுக்கு வில்லை செய்யும் கம்பெனியில் வேலை செய்கிறேன். செய்து முடித்த வில்லைகளில் கீறல், குமிழி, தூசி இருக்கிறதா என்று பார்க்கும் பெண்களுக்கு நான் பொறுப்பு. நேற்று நீங்கள் எனக்கு ஓர் உடலைக் காட்டினீர்கள், இன்ஸ்பெக்டர் ஐயா. காலை ஷிப்ட் பஸ்ஸில் ஜன்னலில் சாய்ந்தபடி இறந்திருந்த ஒரு வயதான அம்மாள். எங்கள் யூனிபார்ம் போட்டிருந்தாள். எண்பது வயதுக்கு மேல் இருக்கும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கழுத்தில் தொங்கிய அட்டையிலோ பேச்சி என்ற இருபத்திரண்டு வயதுப் பெண்ணின் பெயர். இந்த அம்மாள் யார் என்று கேட்டீர்கள். தெரியாது என்று சொன்னேன்.

அது சரியல்ல. அது பேச்சிதான். அவளை அந்த வயதுக்குக் கொண்டுபோனது நான்தான். பேசுவதைவிட எழுதுவது எனக்கு எளிது என்பதால் காகிதம் கேட்டேன். பதற்றத்தில் எழுதவில்லை. நீங்கள் வாங்கித் தந்த காபியைக் குடித்துவிட்டு, நிதானமாகத்தான் எழுதுகிறேன்.

முதலில் என் மகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவளை விட்டுவிட்டால் இதில் எதுவும் விளங்காது.

ஜெர்சிக்குக் கல்லூரி முதல் வருடத்தில் இதயம் வீங்கத் தொடங்கியது. முதலில் மாடி ஏறினால் மூச்சு வாங்கியது, பிறகு நடந்தாலே வாங்கியது, பிறகு படுத்தாலும் வாங்கியது. சென்னையில் பெரிய ஆஸ்பத்திரியில் மாற்று இதயத்துக்குப் பெயரைப் பதிந்துகொண்டு காத்திருக்கச் சொன்னார்கள். எவ்வளவு காலம் என்று கேட்டேன். எங்களுக்கு எவ்வளவு காலம் என்பது கேள்வி இல்லை, உங்கள் பெண்ணிடம் எவ்வளவு காலம் மிச்சம் இருக்கிறது என்பதுதான் கேள்வி என்று டாக்டர் சொன்னார். சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனில் ரயிலை விட்டு இறங்கி ஷேர் ஆட்டோவில் வரும்போது என் கணவர் சாம்ராஜ் வெளியே பார்த்துக்கொண்டே வந்தார். அந்த வாக்கியத்தையே நினைத்துக்கொண்டு வந்தார் என்பது பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

சாம்ராஜும் எங்கள் கம்பெனிதான், பூச்சுப் பிரிவு. காற்றை உறிஞ்சி எடுத்த இரும்பு அறைக்குள் வில்லைகளை அடுக்கி, அவற்றின் மேல் கண்ணுக்குத் தெரியாத பூச்சுகளை ஒன்றன்மேல் ஒன்றாகப் படியவைக்கும் வேலை. எங்கள் லைனில் பெண்கள் குனிந்து பார்க்கும் வட்ட விளக்குகளில் ஒரு பெரிய வில்லை இருக்கும், பொருளைப் பெரிதாக்கிக் காட்டுவதற்கு. அதற்கும் அங்கேதான் பூச்சு. ஒரு மழைக்காலத்தில் பூச்சு பாதியில் இருக்கும்போது கரண்ட் போனது, வந்தது, மறுபடியும் போனது. அப்போது உள்ளே இருந்தவை இரண்டே இரண்டு பெரிய வில்லைகள். குப்பைக்குப் போக வேண்டியவை. ஜெர்சி படுத்துக்கொண்டே படிக்க உதவும் என்று அவர் வீட்டுக்குக் கொண்டுவந்தார்.

அவை ஜோடி என்பதை அவர்தான் கண்டுபிடித்தார். ஒரு விடுமுறை நாளில் ஒரு வில்லையை வைத்துக்கொண்டு மிக்ஸி மோட்டாரைப் பிரித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்த அறையில் அலமாரி மேல் வைத்திருந்த இன்னொரு வில்லையிலிருந்து தேன் நிறத்தில் வெளிச்சம் வந்தது. அங்கே விளக்கும் இல்லை, வெயிலும் இல்லை. அவர் நிமிர்ந்தபிறகும் அது அணையவில்லை. மறுநாள் விடியும்வரை மெதுவாகக் குறைந்துகொண்டே வந்தது. மாதா படத்திலிருந்து எடுத்துப்போட்ட வாடிய மல்லிகைச் சரம் ஒன்று அதன் கீழே கிடந்தது. காலையில் பார்த்தால் எல்லாம் மொட்டாக இருந்தன.

"ஒருத்தரு உத்துப் பாக்கும்போது காலம் அவுருகிட்ட தேங்கி நிக்குது மேரி" என்றார். "அணையில தண்ணி தேங்குதுல்ல, அதுமாரி. இந்தக் கண்ணாடி அத்த இஸ்து அந்தாண்ட வுடுது."

அவ்வளவுதான் இதன் ரகசியம். பார்ப்பவரிடமிருந்து காலம் போகிறது. வெளிச்சம் விழுகிற இடத்துக்கு அது வந்து சேர்கிறது.

ஒரு வில்லையை ஜெர்சியின் கட்டிலுக்கு மேலே தொங்கவிட்டார். இன்னொன்றின் முன்னால் தினமும் வேலை முடிந்து வந்ததும் உட்கார்ந்துகொள்வார். பார்ப்பதற்கு ஏதாவது வேண்டுமே என்று அரிசியில் கல் பொறுக்குவார். அந்த வருடம் எங்கள் வீட்டுச் சோற்றில் ஒரு கல் இருந்ததில்லை. ஜெர்சி எழுந்து உட்கார்ந்தாள், பிறகு தானே குளித்தாள். சாம்ராஜுக்குத் தலை நரைத்தது, பல் ஆடியது. கம்பெனியில் பையன்கள் தாத்தா என்று கூப்பிட்டபோது, பேரன் கல்யாணத்துக்கு எல்லாரும் வந்துவிட வேண்டும் என்று பதில் சொல்லுவாராம். ஐம்பது வயதுகூட ஆகாமல், அரிசி முறத்தின் மேலேயே சாய்ந்து இறந்தார். மாரடைப்பு என்றார்கள். அதற்கு முந்தின வாரம் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்தார்.

"இத்த என்னோட முடிச்சிடு மேரி. ரெண்டையும் ஒடைச்சிடு. வேற யாரையும் இதும்முன்னாடி ஒக்காரவெச்சிடாத."

நான் தலையாட்டினேன். போகப்போகிறவர் மனம் நோகக்கூடாது என்பதற்காகத் தலையாட்டினேன்.

பிறகு நானே உட்கார்ந்து பார்த்தேன். இதை நீங்கள் கவனமாகக் குறித்துக்கொள்ள வேண்டும், ஐயா. என் காலத்தைக் கொடுக்க நான் தயங்கவில்லை. ஆனால் கண் அரிசியில் இருக்கும்போது மனம் அங்கே இருக்காது. மாத்திரை தீர்ந்துவிட்டதா, ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்ததா என்று ஓடிக்கொண்டே இருக்கும். வில்லை எடுத்துக்கொள்வது கண்ணை அல்ல, மனத்தை. அந்தப் பக்கம் ஊதுபத்தி நுனி அளவுகூட வெளிச்சம் வரவில்லை. தவிர, எனக்கும் ஏதாவது ஆகிவிட்டால் அவளை யார் பார்ப்பது. ஒரு வாரம் முயன்றேன். ஒரு வாரம் குறைவு என்று நீங்கள் நினைக்கலாம். பெற்ற பிள்ளையின் உதடு நீலமாவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருந்தால் நினைக்க மாட்டீர்கள்.

எங்கள் லைனுக்குள் தூசி வரக்கூடாது. அதனால் உள்ளே போகும் எல்லாரும் வெள்ளை அங்கி, தலைமூடி, முகமூடி, கையுறை போட்டுக்கொள்வோம். கண் மட்டும்தான் வெளியே தெரியும். ஷிப்ட் முழுவதும் அந்தக் கண்கள் உற்றுப் பார்த்துக்கொண்டே இருக்கும். அந்தக் காலம் எங்கே போகிறது என்று நான் யோசித்தேன். பெண்களுக்கு அது திரும்பக் கிடைக்கப்போவதில்லை. கம்பெனியும் அதை எடுத்து எதிலும் சேர்த்துவைப்பதில்லை. சும்மா தரையில் சிந்துகிறது. சிந்துகிறதன் கீழே ஒரு பாத்திரத்தை வைத்தால் யாருக்கு என்ன நஷ்டம். மூன்றாவது மேஜையின் விளக்கு ஆடுகிறது என்று சொல்லி, திருகாணியைக் கழற்றி, எங்கள் வில்லையை அதில் மாட்டினேன். அளவு ஒன்றுதான். கச்சிதமாக உட்கார்ந்தது.

ஒரு மேஜையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் யாரும் உட்காரக்கூடாது என்பது எங்கள் விதி. கண் கெட்டுவிடும். அதற்குள் எழுப்பி, தட்டு அடுக்கவோ பெட்டி ஒட்டவோ அனுப்பிவிட்டு இன்னொருத்தியை உட்காரவைக்க வேண்டும். ரொட்டேஷன் என்போம். அதைச் செய்வது லைன் லீடர். முதல் சில மாதங்கள் நான் அதை ஒழுங்காகச் செய்தேன். எல்லாரிடமிருந்தும் கொஞ்சம் கொஞ்சம். அந்த மேஜையிலிருந்து எழுந்துவரும் பெண்கள் அசதியாக இருக்கிறது என்பார்கள். மற்ற மேஜைக்காரிகளும் அதையேதான் சொல்வார்கள். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அதோடு நின்றிருக்கலாமே என்பீர்கள். ஆனால் வீட்டில் வெளிச்சம் மங்கலாகவே இருந்தது. ஜெர்சி சாகவும் இல்லை, எழவும் இல்லை.

அப்போதுதான் பேச்சி வந்தாள்.

சங்கரன்கோவில் பக்கத்துப் பெண். தாய் தகப்பன் இல்லை. மாமா வீட்டில் வளர்ந்து, ஆள் சேர்ப்பவர் அனுப்பிய பஸ்ஸில் ஏறி வந்தவள். ஸ்ரீபெரும்புதூரில் ஒரு பழைய லாட்ஜை ஹாஸ்டலாக்கியிருந்தார்கள், அதில் தங்கியிருந்தாள். முதல் நாளே அவள் குனிந்த விதத்தைப் பார்த்தேன். மூன்றாவது மேஜையில் உட்காரவைத்தேன். அன்று நான் வீட்டுக்குப் போனபோது ஜெர்சி அடுப்படியில் நின்று தோசை ஊற்றிக்கொண்டிருந்தாள். அவள் அறை முழுவதும் காலை வெயில் அடித்ததுபோல இருந்தது.

மறுநாள் இரண்டு மணி நேரம் ஆனது. பேச்சியை எழுப்ப வேண்டும். எழுப்பவில்லை. நான் செய்தது அதுதான், ஐயா. அவளை அடிக்கவில்லை, அவளுக்கு எதையும் கலந்து கொடுக்கவில்லை. எழுந்திரு என்று சொல்ல வேண்டிய நேரத்தில் சொல்லாமல் நின்றேன். அதைத் தினமும் செய்தேன்.

ஷிப்ட் மேனேஜர் கோபால் ஒருமுறை கவனித்துவிட்டார்.

"இன்னா மேரிக்கா, அந்தப் பொண்ணு காலைலருந்து அதே மேசையிலயே கீது? ஆடிட்டுக்காரன் வந்தா மாட்டறது நானு."

அவள் பார்த்து அனுப்பிய வில்லைகளில் ஒன்றுகூடப் பழுதென்று திரும்பி வரவில்லை என்பதைச் சொன்னேன். வேறு யாரையாவது உட்காரவைத்தால் தவறிவிடும் என்றேன். அவர் கணக்கு நோட்டைப் புரட்டிப் பார்த்தார்.

"செரி, அதுக்கே அந்த மேசை புடிச்சிகினு இருந்தா வுடுங்க. ஓவர்டைம் வோணுமான்னும் கேட்டுக்கோங்க."

அந்த மாதம் சிறந்த ஊழியர் என்று பேச்சியின் படத்தைக் கேன்டீன் சுவரில் மாட்டினோம். அவள் அதை போனில் படம் பிடித்து மாமாவுக்கு அனுப்பினாள். மாமா பதில் அனுப்பவில்லை. அவளைத் தேடி யாரும் வர மாட்டார்கள் என்பது எனக்கு அன்றைக்குத்தான் நிச்சயமானது.

ஞாயிற்றுக்கிழமைகளில் அவளை வீட்டுக்குக் கூட்டிவந்தேன். ஹாஸ்டல் சாப்பாடு வாயில் வைக்க முடியாது. அவளிடமிருந்து எடுப்பதில் கொஞ்சமாவது மீன்குழம்பாகத் திருப்பித் தரலாம் என்று எனக்குத் தோன்றியது. லைனில் மேடம் என்பவள், வீட்டுக்கு வந்த முதல் நாளே அத்தை என்று கூப்பிட்டாள். ஜெர்சிக்கு அவளை மிகவும் பிடித்துவிட்டது. இரண்டு பேருக்கும் ஒரே வயது. கட்டிலில் காலை நீட்டிக்கொண்டு இருவரும் பேசும் சத்தம் அடுப்படிவரை கேட்கும்.

"ஏ பேச்சி, எங்கம்மாவ அத்தைன்னா எங்கண்ணனக் கட்டிக்கணும். எனக்கு அண்ணனே இல்ல. இன்னா பண்ணுவ?"

"அப்பம் ஒன்னியத்தான் கெட்டணும். சீலை நீ எடுத்துத் தாரியா, நான் எடுக்கட்டா?"

"தாரியாவாம். தமிழ் பேசுடி."

"நாங்க பேசுததுதாம்ளா தமிழ். நீங்க கீது கீதுங்கது கிளி கத்துத மாதிரில்லா இருக்கு."

ஜெர்சி மூச்சு வாங்காமல் சிரித்தாள். அதைக் கேட்டுக்கொண்டே மீன் கழுவிய ஒரு தாய் வேறென்ன செய்திருக்க முடியும் என்று நீங்களே சொல்லுங்கள்.

தீபாவளிக்குள் பேச்சிக்குக் காதோரம் நரைத்துவிட்டது. பொங்கலுக்குள் தலை முழுவதும். ஹாஸ்டல் பெண்கள் ஆச்சி என்று கேலி செய்தார்கள். அவள் கோபித்துக்கொள்ளவில்லை. "இந்த ஊரு போர்த்தண்ணியில துணியே வெளுத்துப்போவுது அத்த, முடி வெளுக்காதா?" என்றாள். நான் தலைச்சாயம் வாங்கிக் கொடுத்தேன், இரும்புச் சத்து மாத்திரை கொடுத்தேன், முட்டிக்குத் தைலம் தேய்த்துவிட்டேன். எழுத்து மங்குகிறது என்றபோது வாலாஜாபாத்துக்குக் கூட்டிப்போய்க் கண்ணாடி போட்டுவிட்டேன். கண்ணாடி போட்டபின் அவள் இன்னும் நன்றாகப் பார்த்தாள். வீட்டில் வெளிச்சமும் கூடியது.

அப்பா போனபிறகு வில்லைக்கு முன்னால் நான்தான் உட்காருகிறேன், அதைக் கம்பெனியில் வைத்திருக்கிறேன் என்று ஜெர்சியிடம் சொல்லிவைத்திருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் பேச்சிக்குச் சாயம் தடவிவிட்டாள். நெடுநேரம் தடவினாள். பேச்சி பஸ் ஏறிப் போனபிறகு என் எதிரே வந்து நின்றாள்.

"நீ ஒக்காரல. ஒனக்கு ஒரு முடிகூட நரைக்கல. அவ எந்த மேசையில ஒக்கார்றா?"

சொன்னேன். என் மகளிடம் அதற்குமேல் பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவள் கத்துவாள் என்று நினைத்தேன். கத்தவில்லை.

"கழட்டிடும்மா."

"நாளைக்குக் கழட்டிடறேன்."

மறுநாள் ஆர்டர் அதிகமாக இருந்தது. அதற்கு அடுத்த நாள் ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்து, வரிசையில் அவள் பெயர் மேலே வந்திருக்கிறது என்றார்கள். இன்னும் கொஞ்ச நாள் தாங்கினால் போதும் என்று தோன்றியது. அன்று மாலை ஜெர்சி என்னைக் கேட்டாள், கழட்டினியா என்று. நான் அடுப்பைத் துடைத்துக்கொண்டிருந்தேன். துடைத்துக்கொண்டே இருந்தேன். அவள் மறுபடி கேட்கவில்லை.

மறுநாள் லைனில், மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, மூன்றாவது மேஜையில் பேச்சி நிமிர்ந்து உட்கார்ந்தாள். அவள் தானாக நிமிர்ந்து நான் பார்த்ததில்லை. வேலை இடம் என்பதையும் மறந்து கூப்பிட்டாள்.

"அத்த, கண்ணு குளுகுளுன்னு இருக்கு. முட்டுவலிகூட விட்டாப்புல இருக்கு."

விளக்கின் வெள்ளை வெளிச்சத்துக்குள் தேன் நிறம் இறங்கிக்கொண்டிருந்தது. அவள் கையுறை மேல் விழுந்தது, முகமூடிக்கு மேலே தெரிந்த கண்கள் மேல் விழுந்தது. கண்களைச் சுற்றியிருந்த சுருக்கங்கள் என் எதிரிலேயே தளர்ந்து மறைந்துகொண்டிருந்தன. அப்படியென்றால் அந்தப் பக்கம் யாரோ இவளைவிட அழுத்தமாகப் பார்க்கிறார்கள். அந்தப் பக்கம் ஒருத்திதான் இருந்தாள்.

பேச்சியின் நாற்காலியைப் பிடித்து இழுத்தேன். அவள் கீழே விழுந்தாள். விளக்கைச் சுவர்ப் பக்கம் திருப்பிவிட்டு, அங்கியைக்கூடக் கழற்றாமல் வெளியே ஓடி ஷேர் ஆட்டோ பிடித்தேன். அவளிடம் நான் முரட்டுத்தனமாக நடந்துகொண்டது அந்த ஒருமுறைதான். பிறகு அதற்காக மன்னிப்புக் கேட்டேன்.

ஜெர்சி கட்டில் மேல் ஸ்டூலைப் போட்டு ஏறியிருந்தாள். வில்லையில் முகத்தை ஒட்டிவைத்து, சுவரோடு சாய்ந்திருந்தாள். கண் திறந்திருந்தது. முடி முழுவதும் வெள்ளை. நோயில் அப்படி ஆகிவிட்டது என்று வந்தவர்களிடம் சொன்னேன். முக்காட்டை நெற்றிவரை இழுத்துவிட்டோம். அவளைக் கொன்றதும் நான்தான் என்று நீங்கள் எழுதக்கூடும். நான் அப்படி நினைக்கவில்லை. கழற்றிவிடுகிறேன் என்று சொல்லியிருந்தேன். அவள் கொஞ்சம் பொறுத்திருக்கலாம்.

அடக்கத்துக்கு வந்த பேச்சி திரும்பிப் போகவில்லை. அத்தையைத் தனியாக எப்படி விடுவது என்று ஹாஸ்டலைக் காலிசெய்துவிட்டு என்னோடு வந்துவிட்டாள். காலையில் அவள்தான் எனக்குக் காபி போட்டாள். ஒரே பஸ்ஸில் வேலைக்குப் போனோம், ஒரே பஸ்ஸில் திரும்பினோம்.

இப்போது நீங்கள் கேட்கப்போவது எனக்குத் தெரியும். மகள் போய்விட்டாள். இனி அந்த வில்லை எதற்கு. லீவு முடிந்து வேலைக்குப் போன முதல் நாளே சுவர்ப் பக்கம் திரும்பியிருந்த விளக்கை மேஜைப் பக்கம் திருப்பினேன். பேச்சியை அதே நாற்காலியில் உட்காரவைத்தேன். ஏனென்றால், வெளிச்சம் இல்லாத நாட்களில் ஜெர்சியின் அறைக்குள் என்னால் போக முடியவில்லை. வெளிச்சம் விழுந்தால், தலையணையில் அவள் தலை அழுந்திய பள்ளம் அப்படியே இருந்தது. தேங்காயெண்ணெய் வாசனை போகவில்லை. போர்வையின் மடிப்பு, இப்போதுதான் எழுந்து குளிக்கப் போனவளுடையதுபோல இருந்தது. ஒரு நாள் பேச்சிக்கு லீவு கொடுத்துப் பார்த்தேன். மறுநாள் காலையில் பள்ளம் பாதி மேவிவிட்டது. அதற்குப் பிறகு லீவு கொடுக்கவில்லை.

ஜெர்சியின் முப்பதாம் நாள் பூசைக்குச் சொல்ல மாதா கோயிலுக்குப் போனேன். பூசைக்குப் பெயர் எழுதிக்கொள்ளும் எங்கள் உபதேசியார் இருதயசாமிக்குக் காது கொஞ்சம் மந்தம். யார் பூசைக்குப் பெயர் கொடுத்தாலும் உரக்க ஒரு கேள்வி கேட்பார். உயிரோடு இருப்பவர்களின் சுகத்துக்கு ஒரு விதமாக வாசிக்க வேண்டும், இறந்தவர்களின் ஆன்ம இளைப்பாற்றிக்கு வேறு விதமாக வாசிக்க வேண்டும். நான் இரண்டு பெயர் சொன்னேன். ஜெர்சி. பேச்சி.

"ரெண்டு பேரும் போனவங்கதானேம்மா? உசுரோட கீறவங்க யாரும் இல்லியே?"

"இல்லீங்க" என்றேன். "ரெண்டு பேரும் போனவங்க."

பேச்சி வாசலில் என் செருப்புக்குப் பக்கத்தில் நின்று, மாதா சிலை வைத்த கெபியை போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தாள்.

வாய் தவறிவிட்டது என்று அன்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வாய் தவறினால் திருத்தலாம். அவர் எதிரில்தான் நின்றுகொண்டிருந்தார். பூசையன்று பேச்சி சேலை கட்டிக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். பங்குச் சாமியார் இறந்த விசுவாசிகளை நினைவுகூர்ந்து, ஜெர்சி என்றார். பிறகு ஒரு நொடி தயங்கி, பேச்சி என்றார். அவள் என் கையைப் பிடித்தாள். வெளியே வந்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

"அத்த, எம்பேரையும் வாசிச்சாவ."

"ஒனக்காகவும் வேண்டிக்கச் சொன்னேன்."

"பள்ளிக்கூடத்துல பீசு கெட்டாத பிள்ளைய பேர வாசிக்கையிலதான் எம்பேர மைக்குல கேட்டிருக்கேன்" என்றாள். "இப்பந்தான் நல்லதுக்கு வாசிச்சிருக்காவ."

திங்கட்கிழமை அவளை மூன்றாவது மேஜையில் உட்காரவைத்தேன். எனக்குத் தெரியுமா, தெரியாதா என்று நீங்கள் கேட்டால், தெரியும்.

அதன்பின் அவள் வேகமாகத்தான் போனாள். அங்கிக்குள் யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை; பஸ்ஸிலும் முகமூடியும் முக்காடும் போட்டுக்கொள்வாள். கை நடுங்குவதைப் பார்த்து, அந்தப் பெண்ணை ஊருக்கு அனுப்பிவிடுங்கள் என்று கோபால் சொன்னார். போகிறாயா என்று அவளைக் கேட்டேன். நான் போய்விட்டால் உங்களுக்குக் காபி யார் போடுவது என்று கேட்டாள். அவளாகச் சொன்னது அது. நான் நிர்ப்பந்திக்கவில்லை.

கடைசியாக ஒன்று மட்டும் இருக்கிறது. இறப்பதற்குச் சில நாள் முன்னால், வேலை முடிந்து வந்து, சுவரைப் பிடித்துக்கொண்டே ஜெர்சியின் அறை வாசல்வரை போனாள். வெளிச்சத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அத்த, இன்னைக்கு ஒரு நாள் இந்தக் கட்டில்ல படுத்துக்கிடட்டா? தரை ரொம்பக் குளுருது. இந்த வெளிச்சத்துல படுத்தா நல்லாருக்கும்போல இருக்கு."

அது உண்மை. நன்றாக இருந்திருக்கும். அந்த வெளிச்சம் முழுவதும் அவளுடையது. அதன் கீழே தொடர்ந்து சில நாள் படுத்திருந்தால், அன்றன்று போனது அன்றன்றே அவளுக்குத் திரும்ப வந்திருக்கும். அது எனக்குத் தெரியும், ஐயா. ஆனால் அவள் படுத்தால் தலையணையில் இருக்கும் பள்ளம் கலைந்துவிடும். வேண்டாம்மா என்றேன். சரி அத்தை என்றாள். ஹாலில் பாயை விரித்து, அதன் மேல் இன்னொரு போர்வையை மடித்துப் போட்டுக் கொடுத்தேன்.

அவளைத் தரையில் படுக்கவைத்த குறை எனக்கு உண்டு. மற்றபடி அவளுக்கும் ஜெர்சிக்கும் நான் எந்த வித்தியாசமும் பார்த்ததில்லை.